வெள்ளிக்கிழமை பிற்பகல்

அலுவலகத்தில் என் முதுகுக்குப் பின்னால் என்னைச் சந்தேகப் பிராணி என்பார்கள். எனக்கு அது தெரியும். யார் யார் அப்படிச் சொன்னார்கள் என்பதும் தெரியும். இரண்டு பேர் ஒன்றாக எழுந்து டீ குடிக்கப் போனால் என் பேனா தானாக நின்றுவிடும். நான் உள்ளே நுழைந்ததும் பேச்சு நின்றால் அது என்னைப் பற்றிய பேச்சு என்றே வைத்துக்கொள்வேன். பாதி நேரம் அவர்கள் ஊறுகாயைப் பற்றிப் பேசியிருக்கலாம். இருந்தாலும் ஒரு தடவை நன்றாக ஏமாந்தவளுக்கு ஊறுகாயை நம்பவும் மனம் வராது. அந்த ஒரு தடவை, ஒரு வெள்ளிக்கிழமை காலையில் நடந்தது.

அப்போது தொண்ணூறுகளின் தொடக்கம். என் அப்பா திண்டுக்கல்லில் ஒரு அரசு அலுவலகத்தில் உதவியாளராக இருந்தார். அடுத்தது கண்காணிப்பாளர் பதவி. "இந்த லிஸ்ட்ல வந்துரும்" என்று ஒவ்வொரு வருஷமும் சொல்வார். அம்மாவும் நம்புவாள். கண்காணிப்பாளருக்குக் கைவைத்த நாற்காலி, அவருக்கென்று ஒரு மின்விசிறி, மற்றவர்கள் எழுதியதைத் திருத்தச் சிவப்பு மை. அதெல்லாம் வருவதற்கு முன்பே ஒரு நாள் சாப்பாட்டுக் கேரியரைத் திறந்தவர் அப்படியே மேஜை மேல் சாய்ந்துவிட்டார். வாரிசு வேலையாக எனக்கு இளநிலை உதவியாளர் பதவி கிடைத்தது. அப்பாவுக்கு வராத நாற்காலியில் நான் உட்கார வேண்டும் என்று அம்மா சொன்னதில்லை. எனக்கே அந்த ஆசை இருந்தது, வெறி மாதிரி இருந்தது.

நியமன ஆணையில் இரண்டு பெயர்கள். என் பெயர் முதலில். இரண்டாவது பெயர், சாணார்பட்டிப் பக்கத்துக் கிராமத்துப் பெண் ஒருத்தியுடையது. அவள் அப்பா எங்கள் துறையில் டிரைவராக இருந்து இறந்தவர். அவர்கள் கிறிஸ்தவர்கள். அவளுடைய அண்ணன் ஊர்க் கோயிலில் உபதேசியார்; சாமியார் வராத நாட்களில் ஜெபம் சொல்லிக் கொடுப்பவர், ஊரே மரியாதை வைத்திருந்த ஆள். அந்தப் பெண் என்னைவிட ஒரு வயது சின்னவள். முதல் நாளிலேயே என்னை அக்கா என்று கூப்பிட்டாள். இத்தனை சீக்கிரம் அக்கா என்கிறாளே என்று அப்போதே ஒரு நொடி யோசித்தேன்.

நாங்கள் நாகல் நகரில் குடியிருந்தோம். அம்மா வளர்பிறை வெள்ளிக்கிழமையாகப் பார்த்து என்னைக் கூட்டிக்கொண்டு கிளம்பினாள். அலுவலகம் அப்போது ஒரு வாடகைக் கட்டடத்தின் மாடியில் இருந்தது. கீழே உரக்கடை. மாடிப்படி ஏறும்போதே யூரியா வாடை மூக்கில் ஏறும். சீக்கிரம் போய்க் கையெழுத்துப் போட்டுவிடலாம் என்றுதான் போனோம். கண்காணிப்பாளர் இன்னும் வரவில்லை. படிக்கட்டுக்குக் கீழே நின்றோம். அந்தப் பெண்ணும் அவள் அம்மாவும் பஸ்ஸில் வந்து இறங்கி எங்களோடு வந்து நின்றார்கள். இரண்டு அம்மாக்களும் வெள்ளைப் புடவை மாதிரி ஒன்றைக் கட்டியிருந்தார்கள், இரண்டு பேரும் கழுத்தை முந்தானையால் மூடியிருந்தார்கள். ஒருவரை ஒருவர் பார்த்ததும் கண் கலங்கினார்கள்.

கண்காணிப்பாளர் ஸ்கூட்டரில் வந்து இறங்கி மேலே போனார். நாங்களும் படியில் கால் வைத்தோம். அப்போதுதான் அந்தப் பெண்ணின் அம்மா என் அம்மாவின் கையைத் தொட்டுக் கேட்டாள்.

"ஏக்கா, ராகுகாலம் இன்னைக்குப் பத்தரைக்குத்தான?"

அம்மா அப்படியே நின்றுவிட்டாள். "அடி ஆத்தி. ஆமா. நல்லவேளை ஞாபகப்படுத்துன." என் கையைப் பிடித்துக் கீழே இழுத்தாள். "ஏ புள்ள, வா. செத்த நேரம் வெளிய நிப்போம்."

"மேல போய் உக்காந்துக்கலாம்மா."

"அந்த வாசப்படியவே மிதிக்கக் கூடாது. உங்கப்பன் நாள் பாக்காமச் சேந்துதான் இந்தக் கதி."

அப்பா நாள் பார்க்காமல் சேர்ந்தார் என்பது அம்மாவே பின்னால் கண்டுபிடித்துக்கொண்ட காரணம். அந்த நேரத்தில் அதைச் சொல்லி யார் வாதாடுவது. எதிர்ப்பக்கம் ஒரு கடை வாசலில் போய் நின்றோம். வெயில் ஏறியது. அந்தப் பெண்ணும் அவள் அம்மாவும் மாடிக்குப் போவதைப் பார்த்தேன். அவர்களுக்கு என்ன, ராகுவும் இல்லை குளிகனும் இல்லை என்று பொறாமையாக இருந்தது.

பன்னிரண்டு தாண்டிய பிறகுதான் அம்மா என்னை விட்டாள். நாங்கள் மேலே போனபோது அந்தப் பெண் பழைய கோப்புகள் வைக்கும் அறைக்குப் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள், அங்கேயே பல வருஷம் வேலை பார்த்தவள் மாதிரி. அவள் அம்மா பக்கத்தில். கண்காணிப்பாளர் பொடி போடுகிற, கலகலப்பான மனிதர். அப்பாவுக்கு வேண்டியவரும்கூட.

"என்னம்மா, இப்பத்தான் வாரீங்களா?"

"இல்ல சார், காலையிலயே வந்துட்டோம். ராகுகாலம் கழியட்டும்னு எதிர்க்கடை வாசல்ல நின்னோம்" என்றாள் அம்மா. மறைக்க வேண்டிய விஷயம் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை. பெருமையாகத்தான் சொன்னாள்.

அவர் சிரித்தார். "நல்லது, நல்லது. கிரகமெல்லாம் கெளம்பியாச்சுல்ல?" என்று கேட்டுவிட்டு, என் பணியேற்பு அறிக்கையில் தேதிக்குப் பக்கத்தில் 'பிற்பகல்' என்று எழுதி என் பக்கம் தள்ளினார். நான் சாமியை நினைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன். உடனே என்னை ஒருவர் தபால் பிரிவுக்குக் கூட்டிப் போய் இடத்தைக் காட்டினார். பிற்பகல் என்ற சொல்லை நான் சரியாகப் படிக்கக்கூட இல்லை.

அடுத்த சில வருஷங்கள் நானும் அவளும் ஒன்றாகத்தான் சாப்பிட்டோம். அவள் கொண்டுவரும் கருவாட்டுக் குழம்புக்கு நான் அடிமை. தொட்டுக்கொள்ள நான் கொண்டுபோகும் வெஞ்சனத்தில் உப்பு குறைவு என்று அவள் சொல்வாள், சொல்லிக்கொண்டே முழுவதையும் தின்பாள். பதவி உயர்வுக்குத் துறைத் தேர்வுகள் எழுத வேண்டும். நான் எல்லாவற்றிலும் முதல் தடவையே தேறினேன். அவள் கணக்குத் தேர்வில் திரும்பத் திரும்பத் தோற்றாள். அந்தத் தாளை மதிய இடைவேளைகளில் உட்கார வைத்துச் சொல்லிக் கொடுத்தவள் நான். அவள் தேறிய அன்று பூந்தி வாங்கிக் கொடுத்தாள்.

பிறகு உதவியாளர் பதவியில் ஒரே ஒரு காலியிடம் வந்தது. ஆணையில் முதல் பெயர் என்னுடையது, தேர்வில் முதலில் தேறியவள் நான், எனவே இடம் எனக்குத்தான் என்று அலுவலகமே பேசியது. பட்டியல் வந்தது. அவள் பெயர் இருந்தது. என் பெயர் இல்லை.

காரணத்தைக் கேட்டபோது விதியைக் காட்டினார்கள். பதவி உயர்வுக்கு இத்தனை வருஷப் பணி முடித்திருக்க வேண்டும், அதுவும் ஒரு குறிப்பிட்ட தேதிக்குள் முடித்திருக்க வேண்டும். முற்பகலில் பணியேற்றால் அந்த நாளே கணக்கில் வரும். பிற்பகலில் ஏற்றால் மறுநாளிலிருந்துதான் கணக்கு. ஒரே நாளில் ஒரே படியில் கால் வைத்த எங்கள் இருவரில் அவளுக்குப் பணிக்காலம் சரியாக முடிந்திருந்தது. எனக்கு ஒரு நாள் குறைந்தது. அவளுடைய பணிப்பதிவேட்டில் 'முற்பகல்'. என்னுடையதில் 'பிற்பகல்'.

அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்று ஆறுதல் சொன்னார்கள். அடுத்த வருஷம் காலியிடமே இல்லை. அதற்கடுத்த வருஷம் எந்தப் பதவியையும் நிரப்பக் கூடாது என்று உத்தரவு. அப்படித்தான் போகும் என்று எனக்கு முன்பே தெரியும், என் அப்பாவின் மகள் அல்லவா நான். முன்னே போனவள் கடைசிவரை முன்னேதான் இருப்பாள், அடுத்த படியிலும் அவளுக்குப் பிறகுதான் நான்.

அன்று ராத்திரி சாப்பிடாமல் படுத்திருந்தபோது, படிக்கட்டில் கேட்ட குரல் எனக்குத் திரும்பக் கேட்டது. ஏக்கா, ராகுகாலம் இன்னைக்குப் பத்தரைக்குத்தான? நான் எழுந்து உட்கார்ந்தேன். உபதேசியாரைப் பெற்றவளுக்கு ராகுகாலத்தில் என்ன அக்கறை? எங்களைத் தடுத்து வெளியே நிறுத்திவிட்டு அவர்கள் மட்டும் ஏன் மேலே போனார்கள்? முற்பகலுக்கும் பிற்பகலுக்கும் உள்ள வித்தியாசம் அவர்களுக்கு முன்பே தெரிந்திருக்கிறது. எப்படித் தெரியும்? டிரைவர் குடும்பம். அதிகாரிகள் பின்சீட்டில் உட்கார்ந்து பேசுவதையெல்லாம் கேட்டுக்கொண்டே வண்டி ஓட்டுகிறவர்களுக்குத் தெரியாத விதி உண்டா? அந்த மனுஷன் சாகும் முன் வீட்டில் சொல்லியிருப்பார். எல்லாம் கச்சிதமாகப் பொருந்தியது. பொருந்தியது எனக்கு ஒருவிதத்தில் நிம்மதியாகக்கூட இருந்தது.

மறுநாளிலிருந்து அவளோடு பேச்சில்லை. "அக்கா, நான் என்ன செய்வேன், அவுங்களா போட்டாங்க" என்று மேஜைக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். நான் கோப்பைப் புரட்டிக்கொண்டிருந்தேன். அந்த வருஷக் கிறிஸ்துமஸுக்கு என் மேஜையில் மட்டும் இரண்டு துண்டு கேக் இருந்தது. மற்றவர்களுக்கு ஒன்று, எனக்கு ஏன் இரண்டு? மனசாட்சி உறுத்துகிறவர்கள்தான் இரண்டு வைப்பார்கள் என்று முடிவு கட்டினேன். கேக்கைத் தாளோடு ஜன்னல் திட்டில் வைத்தேன். காக்காய் தின்றது. அவள் அதைப் பார்த்தாள், அவள் பார்க்க வேண்டும் என்றுதான் அங்கே வைத்தேன்.

அவளை உதவியாளராக நத்தம் அலுவலகத்துக்குப் போட்டார்கள். நான் வழக்குப் போட்டேன்.

என் வக்கீல் மதுரையில் இருந்தார். வழக்கு முதலில் சென்னைக்குப் போய், சில வருஷம் அங்கே தூங்கிவிட்டு, பிறகு மதுரைக்கு வந்தது. வேலையில் சேர்ந்த நாளில் நடந்ததை வக்கீலிடம் ஒன்றுவிடாமல் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ராகுகாலம்னு மனுவுல எழுத முடியாதும்மா."

"நடந்தது அதான சார்?"

"நடந்ததுதான். நீதிபதி சிரிச்சிட்டார்னா அதோட போச்சு."

ஆகவே மனுவில், மனுதாரர் முற்பகலிலேயே அலுவலகத்தில் ஆஜராகிவிட்டார் என்றும், நிர்வாகக் காரணங்களால் பணியேற்பு பிற்பகலுக்குத் தள்ளிப்போனது என்றும் எழுதினார். ராகு எங்கள் நிர்வாகத்தில் எப்போது சேர்ந்தார் என்று எனக்கே சிரிப்பு வந்தது. துறையின் பதிலில், மனுதாரர் தமது சொந்தக் காரணத்தால் தாமதித்தார் என்று இருந்தது. அதைப் படித்ததும் என் சிரிப்பு நின்றது. சொந்தக் காரணம் என்று யார் சொன்னது? அன்று அதைக் கேட்ட பொடி போடும் கண்காணிப்பாளர் ஓய்வு பெற்று, இறந்தும் போயிருந்தார். மீதி இருந்தவர்கள் அவளும் அவள் அம்மாவும்தான். அவளும் வழக்கில் ஒரு எதிர்மனுதாரர் என்பதால் அவள் பங்குக்கு ஒரு பதில் போட்டிருந்தாள். 'நான் அன்று காலையிலேயே அலுவலகத்தில் இருந்தேன்' என்ற ஒரு வரிக்கு மேல் அதில் சரக்கே இல்லை. இத்தனை அடக்கமாக ஒருத்தி பதில் போடுகிறாள் என்றால் பின்னால் பெரிதாக ஏதோ வைத்திருக்கிறாள் என்று நினைத்தேன். வருஷங்கள் ஓட ஓட வழக்குக் கட்டு பருத்தது. அதில் எங்கேயும் ராகுகாலம் என்ற வார்த்தை மட்டும் இல்லை.

வக்கீலையும் நான் நம்பவில்லை. ஒரு நாள் வாய்தாவுக்குப் போயிருந்தபோது, அவரும் துறைக்காக வாதாடுகிற வக்கீலும் ஒரே மேஜையில் பொங்கல் சாப்பிடுவதைப் பார்த்தேன். துறை வக்கீலின் வடையை என் வக்கீல் எடுத்துக்கொண்டார். திண்டுக்கல் வரும்வரை பஸ்ஸில் அந்த வடையைப் பற்றியே யோசித்துக்கொண்டு வந்தேன்.

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். பட்டியல் வந்ததிலிருந்து அம்மா தினசரிக் காலண்டரைக் கிழிப்பதை விட்டுவிட்டாள். நல்ல நேரம் பார்ப்பதில்லை. யாராவது கல்யாணத்துக்கு முகூர்த்தம் கேட்டு வந்தால், "எங்கிட்டக் கேக்காதீக, எம் பொண்ணு பொழப்பையே நான் நாள் பாத்துக் கெடுத்தவ" என்று அனுப்பிவிடுவாள். நான் அவளை ஒரு வார்த்தை கேட்டதில்லை. நான் கேட்காததே அவளுக்குப் போதுமாக இருந்தது. வாய்தாவுக்கு நான் மதுரைக்குக் கிளம்பும் நாட்களில் அடுப்படியிலிருந்து வெளியே வரமாட்டாள்.

சில வருஷம் கழித்து எனக்கும் உதவியாளர் பதவி வந்தது. ஊழியர்களின் பணி விவரங்களைப் பார்க்கிற பிரிவில் உட்கார வைத்தார்கள். யார் எப்போது சேர்ந்தார்கள், எப்போது விடுப்பில் போனார்கள் என்பதெல்லாம் என் கை வழியாகத்தான் போகும். என் சுபாவத்துக்கு ஏற்ற வேலை என்று அவர்கள் கேலியாகத்தான் போட்டிருப்பார்கள். அந்த வேலையில்தான் நான் சந்தோஷமாக இருந்தேன்.

அப்போது அவளுக்குக் கண்காணிப்பாளர் பதவி வந்தது, எங்கள் அலுவலகத்துக்கே. ஆணை என் மேஜைக்குத்தான் வந்தது. அப்பாவின் நாற்காலியில் அவள் உட்காரப் போகிறாள், என் எழுத்தைச் சிவப்பு மையால் திருத்தப் போகிறாள். கழிப்பறையில் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதேன்.

அவள் சேர வந்ததும் ஒரு வெள்ளிக்கிழமை. ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பத்து மணி தாண்டி, அவளும் அவள் வீட்டுக்காரரும் ஆட்டோவில் வந்து இறங்கினார்கள். அவரை அதே ஆட்டோவில் அனுப்பிவைத்துவிட்டு, கைக்கடிகாரத்தைப் பார்த்தாள், எங்கள் மாடியைப் பார்த்தாள். மேலே வரவில்லை. எதிர்ப்பக்கம் போய் ஒரு பேன்ஸி ஸ்டோரில் நின்றாள். வளையலைப் பார்த்தாள். பேனா வாங்கினாள். வாழ்த்து அட்டைகளை ஒவ்வொன்றாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். வெளியே வந்து டீக்கடைப் பக்கம் போனாள், மறுபடியும் உள்ளே போனாள்.

எனக்கு ரத்தம் சூடேறியது. வீட்டுக்காரரைக்கூட அனுப்பிவிட்டு யாருக்காகக் காத்திருக்கிறாள்? சங்கத்துக்காரர் யாராவது வருகிறாரா? என் வழக்கைப் பற்றிப் பேச வக்கீலை வரச் சொல்லியிருக்கிறாளா? அந்தக் காலை முழுக்க ஒரு கோப்பைத் தொடவில்லை. யாரும் வரவில்லை. அவள் மட்டும் கடைக்குள்ளும் வெளியிலும் நடந்துகொண்டிருந்தாள். கடைக்காரருக்கே சந்தேகம் வந்து அவள் பையைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார். பன்னிரண்டு தாண்டியதும் அவள் விறுவிறுவென்று தெருவைக் கடந்தாள்.

அப்போதுதான் என் தலைக்கு மேல் தொங்கிய காலண்டரைப் பார்த்தேன். வெள்ளி. பத்தரை முதல் பன்னிரண்டு.

அவள் வந்து என் மேஜைக்கு எதிரில் நின்று அறிக்கையை நீட்டினாள். வீட்டிலேயே எழுதிக் கொண்டுவந்தது. தேதிக்குப் பக்கத்தில் 'முற்பகல்' என்று இருந்தது.

"வாங்க மேடம்" என்றேன்.

"என்னக்கா நீங்களுமா மேடம்னு."

"பத்து மணிக்கே வந்துட்டீங்க போல. எதிர்க்கடையில நின்னதப் பாத்தேன். யாரும் வாரேன்னாங்களா?"

"இல்லையே."

"பின்ன?"

அவள் என்னைப் பார்க்காமல் என் தலைக்கு மேலே பார்த்தாள். முகம் கன்றிப்போயிற்று. "சத்தமாக் கேக்காதீங்கக்கா. எங்கண்ணனுக்குத் தெரிஞ்சா மானம் போயிரும். எங்க வீட்டுக்காரருக்கே தெரியாது."

நான் கேட்க வந்தது ஒன்று, கேட்டது வேறு. "அன்னைக்கும் இதானா?"

அவள் பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். பேச்சில்லாமல் போன இத்தனை வருஷத்தில் அவள் என் பக்கத்தில் உட்கார்வது அதுதான் முதல் தடவை.

"எங்க வீட்டுல கோயில் காலண்டர்தான்க்கா. அதுல அர்ச்சிஷ்டவங்க, அதான் புனிதருங்க, பேரு இருக்கும், ராகுகாலம் இருக்காது. எங்கம்மாவுக்கு அது பொறந்த வீட்டுப் பழக்கம். வெளிய சொல்லாது, ஆனா உள்ளுக்குள்ள பயம். அதான் உங்கம்மாகிட்டக் கேட்டுச்சு."

"கேட்டுட்டு மேல போனீங்களே."

"உங்களோட வந்து தெருவுல நின்னா ஊர்க்காரங்க யாராச்சும் பாத்துருவாங்கல்ல? சாணார்பட்டி பஸ்ஸு அந்த வழியாத்தான் போகும். மேல போயி அந்த ரூமுக்குப் பக்கத்துல உக்காந்துக்கிட்டோம். பேனா தொலஞ்சு போச்சு, சர்டிபிகேட்டத் தேடுறேன்னு எங்கம்மா ஏதேதோ சொல்லிக்கிட்டே இருந்துச்சு."

"நீ எப்பக் கையெழுத்துப் போட்ட?"

"உங்களுக்கு அப்புறந்தான்க்கா. உங்கள தபால் செக்சனுக்குக் கூட்டிட்டுப் போனாங்கள்ல, அதுக்கப்புறம். சாரு எப்ப வந்தேன்னு கேட்டாரு. காலையிலயே வந்துட்டேன் சார்னு சொன்னேன். அவரு முற்பகல்னு எழுதிட்டாரு. அதுல இம்புட்டு இருக்குன்னு அப்ப எனக்கு என்ன தெரியும்?"

"பட்டியல் வந்தப்பத் தெரிஞ்சிருக்குமே."

"தெரிஞ்சுச்சு."

"அப்பச் சொல்லியிருக்கலாமே."

அவள் புதுப் பேனாவின் மூடியைத் திறந்து மூடினாள். "சொன்னா எனக்கும் போயிருமேக்கா" என்றாள்.

அதை நான் நம்பினேன். அவள் சொன்னதில் நான் முழுசாக நம்பியது அந்த ஒரு வாக்கியத்தைத்தான். மீதியையும் நம்பலாமா என்று யோசித்துக்கொண்டே அறிக்கையை அவள் பக்கம் திருப்பித் தள்ளினேன். "மணியப் பாத்து எழுதுங்க" என்றேன். அவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். முற்பகலை அடித்துவிட்டுப் பிற்பகல் என்று எழுதி, பக்கத்தில் சுருக்கொப்பமும் போட்டுக் கொடுத்தாள். எனக்கு மனசு குளிர்ந்தது. அதை ஏன் மறைக்க வேண்டும்?

மறுநாளே மதுரைக்கு ஓடினேன். பஸ்ஸில் உட்காரக்கூட முடியவில்லை, அவ்வளவு பரபரப்பு. எனக்குப் பிறகு கையெழுத்துப் போட்டவள் முற்பகல், அவளுக்கு முன்னால் போட்ட நான் பிற்பகல். இதைவிட வேறென்ன வேண்டும்? வக்கீல் முழுவதையும் கேட்டார். சிரிக்கவில்லை.

"சரிம்மா. அவங்களும் பிற்பகல்தான்னு வச்சுக்குவோம். அப்ப அந்த வருஷம் அவங்களுக்கும் ஒரு நாள் குறையுது. பதவி யாருக்குப் போகும்?"

நான் யோசித்தேன். எங்களுக்கு அடுத்து பட்டியலில் இருந்தவர் ஒரு ஆண், எங்களுக்கு முன்பே சேர்ந்தும் தேர்வுகளில் பிந்தித் தேறியவர். அவர் ஓய்வு பெற்று, மகன் வீட்டோடு போய்விட்டார்.

"அவருக்கு" என்றேன்.

"அதான். நீங்க ஜெயிக்கப் போறதில்ல, அவங்க தோப்பாங்க, அம்புட்டுத்தான். அதுக்கும் சாட்சி கிடையாது. அதோட, நிர்வாகக் காரணம்னு நம்ம எழுதிக் குடுத்திருக்கோம். இப்பப் போயி ராகுகாலம்னு நீங்களே ஒத்துக்கணும்."

இவரும் அந்தப் பக்கத்து ஆள்தானோ என்று அவர் முகத்தையே பார்த்தேன். வடை ஞாபகம் வந்தது. ஆனால் அவர் சொன்னதில் ஓட்டை கண்டுபிடிக்க முடியவில்லை. பஸ்ஸில் வரும்போது எனக்கு ஒன்றே ஒன்று மிச்சமிருந்தது. அம்மாவிடம் சொல்லலாம். இத்தனை வருஷமாக அடுப்படியில் ஒளிந்துகொண்டிருக்கிறவளிடம், உன் ராகுகாலத்தால் கெடவில்லை என்று சொல்லலாம்.

அம்மா மொச்சை உரித்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் சொன்னேன்.

"அவளும் நின்னாளா?" என்றாள். "தாயும் மகளும் ரெண்டு பேருமா?"

"ஆமாம்மா. ராகுகாலம் கழிச்சுத்தான் கையெழுத்தே போட்டிருக்கா. எனக்குப் பின்னாடி."

அம்மாவின் முகம் கொஞ்சம் தெளிந்தது. "அப்ப நின்னது தப்பில்ல."

"இல்லவே இல்லம்மா. அதத்தான் சொல்ல வந்தேன்."

அவள் இரண்டு மூன்று மொச்சையை உரித்துக் கிண்ணத்தில் போட்டாள். பிறகு கை நின்றது.

"அவரு கேட்டப்ப நான் வாயத் தொறந்து சொன்னேன் பாரு. அதுதான் தப்பு."

நீதிமன்றத்திலேயே யாரும் இவ்வளவு சரியாகச் சொல்லவில்லை. அவளை ஒரு பழியிலிருந்து எடுத்து வேறொரு பழியில் உட்கார வைத்துவிட்டேன் என்பது மட்டும் புரிந்தது. மொச்சைத் தோலை நான் அள்ளிக்கொண்டு போய்க் கொட்டினேன்.

வழக்கு பின்னால் தள்ளுபடியானது. பிற்பகல் பிற்பகல்தான் என்று இரண்டே பக்கத்தில் முடித்துவிட்டார்கள். கண்காணிப்பாளர் என் குறிப்புகளைச் சிவப்பு மையால் திருத்தினாள். அக்கா என்றே கூப்பிட்டாள். நான் மேடம் என்றே கூப்பிட்டேன்.

அதற்கு அடுத்த மழைக்காலத்தில் அம்மாவுக்குக் கண் மங்கி, அரசு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனேன். தாமதமாகத்தான் போனோம். ஆட்டோவிலிருந்து அப்போதுதான் இறங்கியிருந்தோம், அம்மாவின் செருப்பில் இருந்த சேறுகூடக் காயவில்லை. பெஞ்சு நிறைய ஆட்கள். நர்ஸ் சீட்டுகளைக் கையில் வாங்கிக்கொண்டே கேட்டாள், "நீங்க எப்பம்மா வந்தீங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா என் மணிக்கட்டைப் பிடித்து அழுத்தினாள்.

"காலையிலயே வந்துட்டோம் தாயி" என்றாள்.

நர்ஸ் எங்கள் சீட்டை மற்ற சீட்டுகளுக்கு மேலே வைத்தாள். அம்மா என் பக்கம் திரும்பவே இல்லை.